உச்சிக்குடும்பனும் புல்ச்சினெல்லாவும்: கூத்து மரபு அசைவூட்டப்படமாகும்போது

ஆய்வுச் சுருக்கம்

இத்தாலிய முகமூடி நாடக மரபை வெட்டுத்தாள் அசைவூட்டமாக மாற்றிய ஜூலியோ ஜியானினி, எமானுவேலே லுத்சாத்தி ஆகிய இருவரின் படங்களைத் தமிழகத் தோல்பாவைக்கூத்தின் அருகில் வைத்து நோக்குகிறது இக்கட்டுரை. முகம் நிலைத்திருக்கப் பேச்சு மட்டும் கட்டற்றுச் செல்வது இவ்விரு கூத்து மரபுகளுக்கும் பொதுவான விதி. அசைவூட்டப்படத்தின் இயல்போ இதற்கு நேர்மாறானது. இம்முரணைச் சில படங்கள் எவ்வாறு கையாண்டன, எங்கே தவறின, தோல்பாவைக்கூத்தின் நகைச்சுவைப் பாத்திரமான உச்சிக்குடும்பனைப் படமாக்குவோர் அவற்றிலிருந்து எதனைக் கொள்ளலாம் என்பன ஆராயப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: தோல்பாவைக்கூத்து, முகமூடி நாடகம், அசைவூட்டப்படம், உச்சிக்குடும்பன், புல்ச்சினெல்லா, திருவாதவூர்

முன்னுரை

மதுரைக்கு வடகிழக்கே மேலூர்ப் பகுதியில் அமைந்துள்ள திருவாதவூர், மாணிக்கவாசகர் பிறந்த ஊராகப் போற்றப்படுவது. ஓவாமலையின் குகைத்தளமும் அங்குள்ள தமிழிக் கல்வெட்டுகளும் ஊரின் தொன்மைக்குச் சான்றாக நிற்கின்றன. ஆயினும் மக்கள் நினைவில் இவ்வூரை நிலைநிறுத்தியிருப்பது கல்வெட்டன்று, ஒரு கதை. பாண்டியனுக்குக் குதிரை வாங்கச் சென்ற அமைச்சர் வாதவூரர், கொண்டுசென்ற பொருளைத் திருப்பெருந்துறையில் இறைபணிக்குச் செலவிட்டார். அவர்பொருட்டு இறைவன் நரிகளைக் குதிரைகளாக்கி மதுரைக்கு ஓட்டிவந்தான். இரவில் அக்குதிரைகள் மீண்டும் நரிகளாகி, லாயத்தில் இருந்த பழைய குதிரைகளையும் கடித்துவிட்டு ஓடின. பரஞ்சோதி முனிவர் பாடிய 64 திருவிளையாடல்களுள் 59ஆவதும் 60ஆவதும் இவை. மதுரையின் ஆவணி மூலத் திருவிழாவில் நரியைப் பரியாக்கிய லீலை இன்றும் கொண்டாடப்படுகிறது. அவ்விழாவுக்கு மாணிக்கவாசகர் திருவாதவூரிலிருந்து எழுந்தருளுகிறார்.

உருமாற்றத்தைப் பொருளாகக் கொண்ட இக்கதை அசைவூட்டப்படத்திற்கென்றே பிறந்தது போலத் தோன்றும். அக்கலையின் தொடக்கக்காலப் படங்களுள் ஒன்றான எமில் கோலின் ‘ஃபாண்டாஸ்மகோரி’ (1908) முழுவதும் உருமாற்றத்தாலேயே ஆனது. அதில் ஒரு கோட்டுருவம் வேறொன்றாகக் கரைந்துகொண்டே செல்கிறது. எந்த வடிவத்திலும் கட்டுண்டு கிடக்க மறுக்கும் இந்நெகிழ்ச்சியே வால்ட் டிஸ்னியின் படங்கள் தரும் இன்பத்தின் வேர் என்று சோவியத் இயக்குநர் செர்கேய் ஐசன்ஸ்டைன் 1940களில் எழுதிய குறிப்புகளில் விளக்கினார். அவ்வகையில் நரி பரியாவதைக் கணினியில் வரைந்து காட்டுவது இன்று கல்லூரி மாணவர் ஒருவருக்கும் கைவரும் செயல்தான். அத்துணை எளிதாக இருப்பதே இங்கு ஐயத்திற்கு இடம்தருகிறது.

தோல்பாவைக்கூத்தில் உருமாற்றம் வேறு வகையில் நிகழ்கிறது. மாரீசன் பொன்மானாவதைக் காட்டவேண்டிய இடத்தில் கலைஞர் அரக்கப் பாவையைத் திரையிலிருந்து பின்னுக்கு இழுக்கிறார். ஒளியை நெருங்க நெருங்கப் பாவையின் நிழல் பெருத்து, விளிம்பு கலங்கி, வண்ணம் மங்கிவிடுகிறது. அடுத்து மான் பாவை திரையில் ஒட்டிப் பதிகிறது. இரண்டும் இருவேறு தோல்கள். ஒன்று மற்றொன்றாக மாறவேயில்லை. மாற்றம் நிகழும் இடம் பார்ப்பவரின் மனம். இடையில் விடப்பட்ட வெற்றுத்திரையைப் பாடலும் மிருதங்கமும் நிரப்புகின்றன. படம் இடைநிலைகள் அனைத்தையும் வரைந்து காட்டிவிடுகிறது, கூத்தோ அவ்விடைநிலையைப் பார்ப்பவருக்கே விட்டுவைக்கிறது. கருத்தரங்குகளில் அடிக்கடி கேட்கப்படும் ‘தோல்பாவைக்கூத்தே அசைவூட்டப்படத்தின் தாய்’ என்னும் கூற்று இவ்வேறுபாட்டை மறைத்துவிடுகிறது. கேட்பதற்கு இனிதாயினும் ஆய்வுக்கு அது பயன்படுவதில்லை. தாயைப் போற்றிவிட்டு மகளைப் பற்றி மட்டும் பேசுவதற்கே பெரும்பாலும் உதவியிருக்கிறது.

தோல்முகமும் தோல்பாவையும்

பதினாறாம் நூற்றாண்டு இத்தாலியில் தொழில்முறை நடிகர் குழுக்கள் உருவாயின. இத்தகைய குழுவொன்று தமக்குள் எழுதிக்கொண்ட ஒப்பந்தம் 1545ஆம் ஆண்டில் பதுவா நகரில் பதிவாகியுள்ளது. ‘கொம்மேதியா தெல்லார்த்தே’ எனப் பின்னர்ப் பெயர்பெற்ற இந்நாடக மரபில் முழுமையாக எழுதப்பட்ட உரையாடல் கிடையாது. கதையின் போக்கைக் கூறும் சுருக்கக் குறிப்பு ஒன்றே இருக்கும். நடிகர்கள் மேடையில் பேசிப் பேசிக் காட்சியை வளர்ப்பர். கஞ்சக் கிழவன் பந்தலோனே, வெற்றுப் புலமை பேசும் வைத்தியன், வீண்வீரம் பேசும் படைத்தலைவன், பசித்த வேலைக்காரன் ஆர்லெக்கீனோ, நேப்பிள்ஸ் நகரத்துப் புல்ச்சினெல்லா ஆகியோர் எந்தக் கதையிலும் அதே முகத்தோடும் அதே உடையோடும் வருவர். காதலர் பாத்திரங்களுக்கு முகமூடி இல்லை. முகமூடிப் பாத்திரங்கள் அணிவது தோலால் செய்த அரைமுகமூடி. மரத்தில் செதுக்கிய அச்சின்மேல் ஈரத்தோலைப் படியவைத்துத் தட்டி அதனை உருவாக்குவர்.

அரைமுகமூடி என்னும் செய்தி சிறிதாயினும் கருதத்தக்கது. நெற்றி, கண், மூக்கு, கன்னம் ஆகியன தோலுக்குள் உறைந்துவிட, வாய் மட்டும் விடுதலையாக இருக்கிறது. பேச்சு கணந்தோறும் புதிதாகப் பிறக்கவேண்டும் என்பதாலேயே இவ்வமைப்பு தேவைப்பட்டது. முகம் உறைந்திருப்பதால் அதன் பொருளைக் கழுத்தும் முதுகும் முழங்காலும் ஏற்றுக்கொள்கின்றன. உடல் முழுவதும் முகமாகிவிடுகிறது. மிலான் நகரின் பிக்கோலோ தேயாத்ரோ அரங்கில் ஜார்ஜோ ஸ்த்ரேலர் 1947இல் மேடையேற்றிய கொல்தோனியின் நாடகத்தில் ஆர்லெக்கீனோவாக நடித்த மார்ச்செல்லோ மொரெத்தி 1961இல் மறைந்தபின் ஃபெர்ருச்சோ சொலேரி அவ்வேடத்தை ஏற்று, முதுமையிலும் நடித்துவந்தார். நடிகர் மாறினாலும் ஆர்லெக்கீனோவுக்கு இறப்பில்லை. முகமூடி ஒருவருக்கு உரிய உடைமையன்று என்பதே அதன் ஆற்றல்.

தமிழக மேடையில் முகமூடிக்கு இத்தகைய இடம் இல்லை. தெருக்கூத்தில் அரிதாரமே முகமூடியின் வேலையைச் செய்கிறது. மெலட்டூர் பாகவத மேளாவின் நரசிம்ம முகமூடி வழிபாட்டுக்குரியது. நகைச்சுவைக்கு அதில் வழியில்லை. இத்தாலிய முகமூடிக்கு இணையானதைத் தேடுவோர் மேடையைவிட்டுத் திரைக்குப் பின்னால் செல்லவேண்டும். ஆட்டுத்தோலைப் பதப்படுத்தி, ஒளி ஊடுருவுமளவு மெலிதாக்கி, துளையிட்டு வண்ணம் தீட்டிய பாவைகளே அவை. இவற்றை ஆட்டுவிப்போர் மராத்தியைத் தாய்மொழியாகக் கொண்ட மண்டிகர் சமூகத்தார். இவர்தம் முன்னோர் தஞ்சை மராத்தியர் ஆட்சியை ஒட்டித் தமிழகம் வந்தவர்கள் என்பது பொதுவான கருத்து. மு. இராமசாமி, அ. கா. பெருமாள் ஆகியோர் இக்கூத்துக் குறித்து விரிவான நூல்கள் எழுதியுள்ளனர். அவை வெளிவந்த பிறகும் இக்கலையைப் ‘பொம்மலாட்டம்’ என்று கயிற்றுப்பாவையோடு சேர்த்து எழுதும் பழக்கம் நீங்கவில்லை.

இராமாயணக் கதை பத்து நாள் அளவுக்கு நீளும். ஒரே கலைஞர் பாவைகளை ஆட்டுவிக்கிறார், இராமனுக்கும் இராவணனுக்கும் சீதைக்கும் அவரே குரல், பாடலும் அவருடையது. ஆர்மோனியம், மிருதங்கம், சிங்கி ஆகியவற்றோடு குடும்பத்தார் துணைநிற்கின்றனர். இராமன் பேசவேண்டியவை ஏறத்தாழ முன்னரே அமைந்தவை. உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் வந்துவிட்டால் அவ்வரம்பு உடைந்துபோகிறது. இவ்விருவரும் இராமாயணத்தைச் சேர்ந்தவர்கள் அல்லர். எனினும் அயோத்தியிலும் இலங்கையிலும் நினைத்தபோது நுழைகின்றனர். ஊர்க்குடிநீர்ச் சிக்கல், கடன், மாமியார் மருமகள் பூசல் என எதனையும் பேசுகின்றனர். வசையும் ஆபாசமும் அவர்தம் பேச்சில் தாராளம். இப்பகுதி எந்தச் சுவடியிலும் இல்லை, இருக்கவும் இயலாது. நேற்று ஓர் ஊரில் பேசியது இன்று இன்னோர் ஊரில் செல்லாது.

ஆர்லெக்கீனோவும் உச்சிக்குடும்பனும் கோமாளிகள் என்பதைவிட ஆழமான ஒப்புமை இங்குக் கிடைக்கிறது. இரண்டு மரபுகளிலும் முகம் தோலில் உறைந்திருக்கிறது, பேச்சு உறையாமல் இருக்கிறது. வாய் அசையாத பாவைக்குப் பின்னால் கலைஞரின் வாய் விடுதலையாக உள்ளது. அரைமுகமூடியின் கீழே நடிகரின் வாய் விடுதலையாக உள்ளது. அசைவூட்டப்படத்தின் வழக்கமான செய்முறையோ இதனைத் தலைகீழாக்குகிறது. அங்கு முகம் களிமண்போல் குழையும். பேச்சோ முன்னரே எழுதப்பட்டு, ஒலிப்பதிவு செய்யப்பட்டு, வினாடிக்கு 24 சட்டகம் என்ற கணக்கில் உதட்டசைவோடு பூட்டப்பட்டிருக்கும். கூத்தின் உருவத்தைப் படத்துக்குள் கொண்டுவருவது எளிது. கூத்தின் இவ்விதியைக் கொண்டுவருவதே கடினம்.

ரொஸ்ஸீனியின் துணையில்

ஜெனோவாவில் பிறந்த லுத்சாத்தி (1921–2007) அரங்க வடிவமைப்பாளர், ஓவியர். ஜியானினி (1927–2009) ஒளிப்பதிவுக் கலையிலிருந்து வந்தவர். இருவரும் சேர்ந்து செய்த ‘பிரான்சின் பலதீன்கள்’ (1960) சிசிலித் தீவின் ‘ஓபேரா தேய் பூப்பி’ என்னும் பாவைக்கூத்தின் உலகிலிருந்து பிறந்தது. சார்லமேன் மன்னனின் வீரர்களைப் பற்றிய நெடுங்கதையை இரவுதோறும் தொடர்ந்து நிகழ்த்தும் மரபு அது. கவசமணிந்த கனத்த பாவைகளை இரும்புக் கம்பியால் இயக்குவர், தலைகள் உருளும். பத்துநாள் இராமாயணத்தை அறிந்த தமிழருக்கு அது அந்நியமாகத் தோன்றாது. அதன்பின் ரொஸ்ஸீனியின் இசைநாடக முன்னிசைகளை அடிப்படையாகக் கொண்டு ‘திருட்டுப் பறவை’ (1964), ‘அல்ஜியர்ஸில் இத்தாலியப் பெண்’ (1968), ‘புல்ச்சினெல்லா’ (1973) ஆகிய மூன்று படங்கள் வெளிவந்தன. முதலாவதும் மூன்றாவதும் ஆஸ்கர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டன.

‘புல்ச்சினெல்லா’ படத்தின் கதை மிக எளியது. உழைப்பில் நாட்டமில்லாத ஒருவன் மனைவிக்கும் காவலருக்கும் அஞ்சிக் கனவுக்குள் தப்பி ஓடுகிறான். கனவிலும் துரத்தல் ஓய்வதில்லை. வெள்ளை அங்கி, கூம்புத் தொப்பி, கொக்கிமூக்குடைய கறுப்பு முகமூடி ஆகிய அவனது மரபுத்தோற்றம் மாறாமல் காக்கப்பட்டுள்ளது. அதனைச் சூழ்ந்த உலகம்தான் குழைகிறது. வண்ணத்தாளும் துணித்துண்டும் மெழுகுக் கோல் தீற்றலும் ஒட்டிச் செய்த வீடுகளும் மாடங்களும் மேடைத் திரைச்சீலைகள் போல விலகி ஒன்றன்பின் ஒன்றாகத் திறக்கின்றன. கறுப்பு முகமூடியின் எந்த அணுவும் அசையாமலிருக்க, கை, கால், முதுகு ஆகியவை வெட்டுத்தாள் மூட்டுகளில் மடங்கி அச்சத்தையும் களிப்பையும் காட்டுகின்றன. இங்கு ஜியானினியின் கட்டுப்பாடு பாராட்டத்தக்கது. முகமூடிக்குப் புருவம் வரைந்து அசைத்துவிட எந்த அசைவூட்டக் கலைஞருக்கும் கை துடிக்கும். அவர் அதைச் செய்யவில்லை. முகம் உறைந்திருக்கவேண்டும் என்னும் மேடை விதி, மலிவான வெட்டுத்தாள் முறையின் வரம்பாலேயே காக்கப்பட்டது எனலாம். பொருட்செலவு மிகுந்த முழு அசைவூட்டத்தில் இப்படம் உருவாகியிருந்தால் புல்ச்சினெல்லா இறந்திருப்பான்.

பேச்சுக்கு அவர்கள் கண்ட தீர்வு துணிவானது: பேச்சையே நீக்கிவிட்டனர். அவ்விடத்தில் நேப்பிள்ஸைக் களமாகக் கொண்ட ‘இத்தாலியில் துருக்கியன்’ இசைநாடகத்தின் முன்னிசை ஒலிக்கிறது. தணிவாகத் தொடங்கிய ஒரு சிறு இசைத்தொடர் மீண்டும் மீண்டும் வந்து படிப்படியாகப் பெருகி வெடிப்பது ரொஸ்ஸீனியின் முத்திரை. மேடைக் கோமாளி ஒரு சிறு குறும்பைத் திரும்பத் திரும்பச் செய்து சிரிப்பைப் பெருக்கும் முறையும் இதுவே. ஆகவே இசை இப்படத்தில் பின்னணியாக நில்லாமல் நடிகனின் நாவாக மாறிவிடுகிறது.

இத்தீர்வுக்குக் கொடுத்த விலையும் உண்டு. நேப்பிள்ஸ் தெருக்களில் கையுறைப் பாவையாக வரும் புல்ச்சினெல்லாவுக்குத் தனிக்குரல் இருக்கிறது. கலைஞர் நாவின் பின்பகுதியில் ஒரு சிறு ஊதியை வைத்துக்கொண்டு கிறீச்சிட்டுப் பேசுவார். இராசத்தானத்துக் கட்புத்லி ஆட்டத்திலும் இத்தகைய ஊதி உண்டு. அக்குரலோடு தெருவோரத்துச் சண்டையும் அதிகாரிகள் மீதான கேலியும் கலந்திருந்தன. படத்தின் புல்ச்சினெல்லா ஊமை. அவன் எந்நாட்டுத் திரைப்பட விழாவிலும் சிரிப்பூட்டுவான். நேப்பிள்ஸின் எந்தத் தெருவிலும் எவரையும் சினங்கொள்ளச் செய்யமாட்டான். படத்தின் அழகைக் குறைத்து மதிப்பிடாமலே இவ்விழப்பைக் கணக்கில் வைக்கவேண்டும்.

ஆட்டம் இடம்பெயர்தல்

நாட்டார் ஆட்டங்களின் நிலையும் இத்தகையதே. தென்னித்தாலியின் சலெந்தோ பகுதியில் சிலந்தி தீண்டியதாகக் கருதப்பட்ட பெண்கள் பிடிலும் சிறுபறையும் முழங்க நாள்கணக்கில் ஆடி நலம்பெறும் வழக்கத்தை எர்னெஸ்தோ தெ மார்த்தீனோ 1959இல் களஆய்வு செய்து 1961இல் நூலாக்கினார். மதுரை வட்டாரத்துச் சாமியாட்டத்தை அறிந்த ஆய்வாளர் அந்நூலின் பல பக்கங்களில் தெரிந்த முகங்களைக் காண்பர். இன்று அதே பகுதியில் அவ்விசை பெரும் கோடைவிழாவாக வளர்ந்துள்ளது. ஆடுவோர் நோயாளியர் அல்லர், சுற்றுலாப் பயணியர். கரகம் கோயிலிலிருந்து அரசு விழா மேடைக்கு வந்த கதையும் இதுவே ஆதலின் விரித்துரைக்க வேண்டியதில்லை. அசைவூட்டப்படம் ஓர் ஆட்டத்தை எடுத்துக்கொள்ளும்போது அதன் அடவைப் பெறுகிறதா, அது ஆடப்பட்ட காரணத்தைப் பெறுகிறதா என்னும் வினா மட்டும் இங்கு நினைவில் கொள்ளத்தக்கது.

நாகேஷின் முகம்

தமிழில் அசைவூட்ட முழுநீளப் படங்கள் மிகச் சில. ‘இனிமே நாங்கதான்’ (2007) முப்பரிமாண முயற்சிகளில் முன்னோடி. சௌந்தர்யா ரஜினிகாந்த் இயக்கிய ‘கோச்சடையான்’ (2014) நடிகரின் உடலசைவைக் கருவிகளால் பதிவுசெய்து கணினி உருவத்துக்கு ஏற்றும் முறையில் எடுக்கப்பட்டது. கூத்துக்கும் இதற்கும் தொடர்பில்லை என்று ஒதுக்கிவிடலாகாது. முகமூடி நாடகம் பற்றிய கேள்விகளைத் தமிழ்த்திரையில் மிகக் கூர்மையாக எழுப்பியது இப்படமே. எழுப்புகிறோம் என்று அறியாமலே எழுப்பியது.

2009இல் மறைந்த நாகேஷ் இதில் ஒரு பாத்திரமாக வருகிறார். வேறொருவரின் நடிப்பின்மேல் நாகேஷின் முகத்தோற்றம் போர்த்தப்பட்டுள்ளது. மொரெத்தி மறைந்தபின் ஆர்லெக்கீனோவின் முகமூடி சொலேரிக்குச் சென்றதுபோல, மறைந்த நகைச்சுவைக் கலைஞர் ஒருவரின் முகம் இன்னொருவர் அணியும் முகமூடியாகியிருக்கிறது. தமிழ்ப் பண்பாட்டில் நிலைத்த பாத்திரமுகம் என்று ஒன்று உருவாக இயலுமானால் அது நாகேஷின் மெலிந்த முகமாகவே இருக்கக்கூடும். கருத்தளவில் இது பெரிய கண்டுபிடிப்பு. திரையில் அது உயிர்பெறாமற்போனதன் காரணம் ஆராயத்தக்கது.

தொழில்நுட்பக் குறைபாடு என்று பலர் கூறிய விடை போதாது. ஆர்லெக்கீனோவின் முகமூடி எவரையும் போன்றிருக்க முயல்வதில்லை. அது மனிதனும் விலங்கும் கலந்த ஒரு சுருக்கம். அதனாலேயே எவரும் அணியத்தக்கது. கோச்சடையானில் வரும் நாகேஷின் முகம் உண்மையான நாகேஷை ஒத்திருக்க விழைகிறது. ஒத்திருக்கும்தோறும் அவர் இல்லை என்பதே புலனாகிறது. மேலும் நாகேஷின் நகைச்சுவை, வரி முடிந்தபின் அவர் தாமாகச் சேர்க்கும் முனகலிலும் எதிர்பாராத உடல் துள்ளலிலும் வாழ்ந்தது. இப்படத்தில் முகமும் மாதிரியோடு பூட்டப்பட்டது, பேச்சும் எழுத்தோடு பூட்டப்பட்டது. கூத்து பேச்சை விடுவித்தது, கார்ட்டூன் முகத்தை விடுவித்தது. இப்படம் இரண்டில் எதனையும் விடுவிக்கவில்லை. சில கோடுகளில் வரைந்த ஒரு நாகேஷ் இதனினும் உயிர்ப்புடன் இருந்திருப்பார் என்று கருத இடமுண்டு.

எழுதாப் பேச்சு

பேச்சை நீக்காமலும் பூட்டாமலும் படமாக்க இயலுமா? அமெரிக்க ஓவியர் நினா பேலி இயக்கிய ‘சீதா சிங்ஸ் தி புளூஸ்’ (2008) இதற்கு ஒரு விடை தருகிறது. அன்னசி விழாவில் முழுநீளப்படத்திற்கான முதற்பரிசு பெற்ற இப்படம், சீதையின் துயரை 1920களின் ஆனெட் ஹான்ஷா பாடல்களோடு இணைக்கிறது. அதன் காட்சியழகைக் காட்டிலும் கதைகூறும் முறையே ஈண்டுக் கருதத்தக்கது. நிழற்பாவை உருவில் மூவர் வந்து இராமாயணத்தை நினைவுகூர்கின்றனர். இப்பேச்சு எழுதப்பட்டதன்று. இந்தியப் பின்னணி கொண்ட மூவரை அமரவைத்து, அவர்கள் தம் நினைவிலிருந்து பேசியதைப் பதிவுசெய்து, அதன்மேல் அசைவூட்டப்பட்டது. பெயரில் தடுமாறுகின்றனர், ஒருவரையொருவர் திருத்துகின்றனர், இராமன் செய்தது முறையா என்று வாதிடுகின்றனர். அச்சிட்ட பனுவலில் கிடைக்காத, வாழும் இராமாயணத்தின் ஒலி அது. பாவைகளின் முகம் ஏறத்தாழ உறைந்திருக்கிறது, பேச்சு உறையவில்லை. கூத்தின் விதியை, கூத்தைக் காக்கவேண்டும் என்னும் எண்ணமின்றியே, ஒரு படம் கண்டடைந்திருக்கிறது.

இதற்கு எதிர்முனையில் நிற்பது மரபோவியத்தின் மேற்பரப்பை மட்டும் எடுத்துக்கொள்ளும் போக்கு. திரைப்படப் பிரிவு 1957இல் தயாரித்த ‘தி பான்யன் டீர்’ அஜந்தா ஓவியப் பாணியில் புத்தசாதகக் கதையைக் கூறியது. அக்காலத்திற்கு அது மதிக்கத்தக்க தொடக்கம். ஆனால் அதன் வழிவந்த ‘நாட்டார் பாணி’ என்னும் எண்ணம் இன்று விளம்பரங்களிலும் விழிப்புணர்வுக் குறும்படங்களிலும் தேய்ந்துபோன அச்சாகிவிட்டது. தோல்பாவையின் துளை வேலைப்பாட்டையும் சிவப்பு, கறுப்பு, பச்சை வண்ணங்களையும் எடுத்துக்கொண்டு, உச்சிக்குடும்பனின் வாயில் சுகாதார அறிவுரையைத் திணிப்பது எளிது. அவன் அறிவுரை கூறினால் அவனை நன்கறிந்த ஊரார் அது பகடியென்றே கொள்வர்.

பேலியின் முறையையும் அப்படியே எடுத்துக்கொள்ள இயலாது. அவருடைய மூவரும் தனியறையில் பேசினர்; சிரித்தவர்களும் அவர்களே. உச்சிக்குடும்பனின் பேச்சுக்குத் திரையின் மறுபுறத்து ஆட்கள் தேவை. ஒரு கேலி எடுபடாவிடில் கலைஞர் அடுத்த நொடியே திசைமாற்றுகிறார். எடுபட்டால் அதனைப் பிடித்துக்கொண்டு கதையை அரைமணி நேரம் நிறுத்திவைக்கிறார். இந்த நீட்டமும் சுருக்கமும் அவையின் பங்களிப்பு. அதனை எந்த ஒலிப்பதிவுக் கூடமும் தராது. ஆகவே பதிவு கூத்து நிகழும் இடத்தில், அவையின் சிரிப்பும் குறுக்குப் பேச்சும் உட்பட அமையவேண்டும். சட்டகக் கணக்கு அப்பதிவின்பின் வரவேண்டும். லுத்சாத்தியிடமிருந்து அசையாத முகத்தையும், பேலியிடமிருந்து எழுதாப் பேச்சையும், கூத்திடமிருந்து அவையையும் பெறுவது இதன் பொருள். ரொஸ்ஸீனிக்கு இங்கு வேலையில்லை. உச்சிக்குடும்பனை ஊமையாக்கினால் எஞ்சுவது குடுமி மட்டுமே.

உரிமை பற்றிய வினாவும் இதனோடு பின்னியுள்ளது. பேலியின் படத்தில் பேசிய மூவரும் பெயர்பெற்ற பங்களிப்பாளர்கள். தமிழ்க் கூத்துமரபைப் பயன்படுத்தும் படைப்புகளில் ‘நாட்டுப்புறக் கலை’ என்னும் பொதுச்சொல்லே பெரும்பாலும் நன்றியுரையாக அமைந்துவிடுகிறது. பாவையின் உருவத்தை அருங்காட்சியகத்திலிருந்து படியெடுப்பவருக்கு இப்பொதுச்சொல் போதுமானதாகத் தோன்றலாம். உச்சிக்குடும்பனின் பேச்சு அப்படிப்பட்டதன்று. அது குறிப்பிட்ட ஒரு கலைஞர் குறிப்பிட்ட ஓர் இரவில் ஆக்கியது. அதற்கு ஆசிரியர் உண்டு. பேச்சைப் பதிவுசெய்து படமாக்கும் முறை அவ்வாசிரியரின் பெயரையும் ஊதியத்தையும் தவிர்க்க இயலாதபடி முன்னிறுத்துகிறது. உருவத்தை மட்டும் எடுக்கும் முறை அவரைத் தேவையற்றவராக்குகிறது. மண்டிகர் குடும்பங்களில் இத்தொழிலைத் தொடர்வோர் அருகிவரும் சூழலில் இவ்விரு முறைகளுக்கும் இடையிலான தெரிவு அழகியலோடு முடிவதன்று. தோலைத் துளையிடும் நுட்பத்தைப் பயிற்சி வகுப்பில் கற்பித்துவிடலாம். அவையை மோப்பம் பிடித்துப் பேசும் நாவைப் பல்லாண்டு இரவுகளே பழக்குகின்றன. அவ்விரவுகளுக்கு யாரேனும் கூலி தரவேண்டும்.

திருவாதவூர்க் கதைக்குத் திரும்பினால், நரி பரியாகும் காட்சியில் அசைவூட்டக் கலைஞரை ஈர்ப்பது உருமாற்றம். கூத்துக்கலைஞரை ஈர்ப்பது மறுநாள் காலையாக இருக்கும். கடிபட்ட குதிரைகள், விட்டைக்குப் பதில் நரி மயிர் கிடக்கும் லாயம், அரசனிடம் இதனை எவ்வாறு அறிவிப்பது என்று நடுங்கும் காவலர்கள். புராணம் விரைவில் கடந்துசெல்லும் அவ்விடத்தில்தான் உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் லாயக்காரர்களாக நுழைவார்கள். குதிரை வாங்கிய கணக்கு, அதில் யாருக்கு எவ்வளவு போனது என்பது பற்றியெல்லாம் அவர்கள் பேசாமல் இருக்கமாட்டார்கள். அப்பேச்சு எப்படி அமையும் என்பதை வரைபலகையின் முன் அமர்ந்து எவரும் எழுதிவிட இயலாது. ஓர் இரவு அவ்வூரில் திரைகட்டி, விளக்கேற்றி, ஊரார் நடுவில் ஒரு கலைஞர் அதனைப் பேசவேண்டும். முதற் சட்டகம் அதன் பிறகே வரையப்படும்.